பொண்ணு பார்க்க வந்தவர்களுக்குப் பச்சை இலை

முதலியார்பேட்டை போகும் டெம்போவில் எனக்கு எதிரே இரண்டு அம்மாக்கள் உட்கார்ந்திருந்தார்கள். இளையவர் திடீரென்று சொன்னார்:

"எம்பொண்ணப் பொண்ணு பாக்க வந்தவங்களுக்கு எங்க நாத்தனா பச்சை இலையப் போட்டுட்டாக்கா!"

டெம்போவே திரும்பிப் பார்த்தது.

"இலையா? சமைக்காமலா?"

"ஆமாக்கா. பாரீஸ்லேர்ந்து வந்திருக்கால்ல. நான் பஜ்ஜி போடறதுக்குள்ள லெட்டூஸு, புதினா எல்லாத்தையும் பிச்சிப் போட்டு, வினிகரும் எண்ணெயும் ஆரஞ்சுச் சாறும் அடிச்சு ஊத்தி, சலாத்துன்னு கொண்டாந்து வச்சிட்டா."

"ஐயய்யோ! மாப்பிள்ளையோட அம்மா?"

"'இது திங்கறதா, கறிவேப்பிலை மாதிரி ஒதுக்கறதா'ன்னு கேட்டாங்க. எனக்கு உசுரே போயிடுச்சி. அப்புறம் ஒரு வாய் தின்னு பாத்துட்டு, புளிப்பும் இனிப்புமா நல்லாருக்குன்னு தட்டையே காலி பண்ணிட்டாங்க. பொண்ணு புடிச்சிருக்குன்னும் சொல்லிட்டாங்க."

"அப்புறம் என்னடி? நல்ல சேதிதானே!"

"எம்பொண்ணு வேணாம்னுட்டாக்கா."

மூத்தவர் மடியிலிருந்த கூடையை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

"என்னடி சொல்ற? ஏனாம்?"

"ஒரே ஒரு இலைய வாயில வக்கறதுக்கு அந்தப் பையன் மூணு தடவ அவங்கம்மா மூஞ்சியப் பாத்தானாம்."