கோணக்கொம்பன் திரும்பிப் பார்க்கும் இடம்

தண்ணீர் வேண்டாம் ஐயா. டம்ளரைத் தொட்டால் கை ஈரமாகும். பழைய பிலிமைத் தொடுகிறவளுக்கு அது ஆகாது. பழகிவிட்டது.

நானும் என் கணவரும் ஒரே ஆவணக் காப்பகத்தில் பத்தொன்பது வருடம் வேலை பார்த்தோம். எங்கள் கைக்கு வந்த முதல் சுருள் மூன்று நிமிடம் ஓடும். நூறு வருடத்துக்கு முன் யாரோ ஒரு தெருமுனையில் கேமராவை நிறுத்தி எடுத்தது. சத்தம் கிடையாது. மாட்டு வண்டிகள், ஒரு குதிரை வண்டி, கூடை சுமந்து ஓடுகிறவர்கள். நடுவில் ஒரு மாடு மட்டும் நின்று நம்மைத் திரும்பிப் பார்க்கும். ஒரு கொம்பு வளைந்திருக்கும். கோணக்கொம்பன் என்று நான்தான் பெயர் வைத்தேன். அந்தப் பெயர் எங்கள் இருவருக்குள்தான். வீட்டில் சண்டை வந்து பேச்சு நின்றுபோனால், "உன் ஆளு வழிய மறிச்சுக்கிட்டு நிக்கிறான் பாரு" என்பார். சிரித்துவிடுவேன். எங்களுக்குக் குழந்தை இல்லை.

போன மாதம், புதிதாகச் சேர்ந்த பெண் திரையைக் காட்டிக் கேட்டாள்.

"அக்கா, கோணக்கொம்பன் தலை வெட்டுப்படுது. பிரேமைக் கொஞ்சம் ஏத்தட்டுமா?"

"ஏத்தும்மா," என்றேன்.

மதியத்தில் அவரும் அவளும் சேமிப்பறைக்குள் ஒதுங்குவது எனக்கு முன்பே தெரியும். அதைப் பொறுத்துக்கொண்டுதான் இருந்தேன். பொறுமைசாலி என்று எனக்குப் பெயர் உண்டு, விசாரித்துப் பாருங்கள்.

சேமிப்பறைக்குள் போகிறவர்கள் தங்கள் பித்தளை வில்லையை வாசல் ஆணியில் மாட்ட வேண்டும். தீப்பிடித்தால் வெளியே இருக்கும் பொத்தானை அழுத்துவோம்; கதவு பூட்டிக்கொள்ளும், காற்றை வெளியேற்றும் வாயு உள்ளே நிரம்பும். ஆணியில் வில்லை தொங்கினால் உள்ளே ஆள் இருக்கிறார் என்று அர்த்தம்; அழுத்தக் கூடாது. அந்த விதியை எழுதிக் கதவில் ஒட்டியதே நான்தான்.

செவ்வாய்க்கிழமை ஆணியில் இரண்டு வில்லைகள் ஒன்றின்மேல் ஒன்று தொங்கின. எடுத்துக் கைப்பையில் போட்டுக்கொண்டு பொத்தானை அழுத்தினேன். கதவில் கையகலக் கண்ணாடி உண்டு. அவர் திரும்பி என்னைப் பார்த்தார். வாய் அசைந்தது. சத்தம் கிடையாது. மூன்று நிமிடம்கூட ஆகவில்லை.

ஆத்திரத்தில் செய்துவிட்டதாக எழுதிக்கொள்ளாதீர்கள். அறைக்கு நீங்கள் சீல் வைப்பீர்கள் என்று தெரியும். முந்தின நாளே கோணக்கொம்பன் சுருளை எடுத்து என் மேசையில் பத்திரமாக வைத்துவிட்டேன். விதியையும் நான் மீறவில்லை. அழுத்தும்போது ஆணி காலியாகத்தான் இருந்தது.