சாக்பீஸ் குறி

நாற்காலி வேண்டாம், நீதிபதி ஐயா. எனக்கு நின்று பழக்கம். புடாபெஸ்ட் ஸ்டூடியோவில் என் வேலையே நிற்பதுதான். கதாநாயகி வில்மா ராடோ நடிக்க வேண்டிய இடத்தில் முதலில் நான் நிற்பேன். என் முகத்தை வைத்து விளக்குகளைச் சரிசெய்வார்கள். பிறகு கால் நுனியில் சாக்பீஸால் ஒரு சிலுவைக் குறி போடுவேன். "போதும் எதெல்கா, நகரு" என்பார் இயக்குநர். வில்மா குனிந்தும் பார்க்காமல் வந்து அதே குறியில் நின்று, வெளிச்சத்துக்கு முகவாயை உயர்த்துவாள்.

அவள் கெட்டவள் இல்லை. கசகசாப் பலகாரம் கொண்டுவந்து கொடுத்து, கால் வலிக்கிறதா என்று கேட்பாள். அந்த விசாரிப்புதான் எனக்கு ஆகாது.

வில்மா யூதப் பெண்; யூதர்கள் நடிக்கக் கூடாது என்று சட்டம் வந்தபோது, இனி அவள் இடம் எனக்குத்தான் என்று நினைத்தேன். நியாயமான ஆசைதானே? வேறொருத்தியைக் கூட்டிவந்தார்கள். அவளுக்கும் நானே நின்றேன். இலவு காத்த கிளி என்று விளக்குக்காரர்கள் சிரித்தார்கள்.

ஜெர்மானியர்கள் வந்ததும் வில்மா என் கதவைத்தான் தட்டினாள். செத்துப்போன என் சித்தி மகளின் ஞானஸ்நானச் சான்றிதழைக் கொடுத்து, தலைக்குச் சாயம் பூசி, மூக்குக்கண்ணாடி மாட்டி, ஸ்டூடியோ தையல் அறையில் சேர்த்துவிட்டது நான்தான். தெரிந்தவர்களும் தெரியாததுபோல் இருந்தார்கள். நான் அவளை ஒளித்துவைத்ததை இங்கே ஒருவரும் சொல்ல மாட்டேன் என்கிறார்கள்.

ஒருநாள் என் பாவாடைக்குக் கரை தைத்துக்கொண்டே சொன்னாள்: "சண்டை முடிஞ்சு நான் திரும்ப நடிக்கும்போது நீயேதான் எனக்கு நிக்கணும்டி. வேற யாரும் வேண்டாம்."

அன்பாகத்தான் சொன்னாள். எனக்கு வயிறு எரிந்தது.

அடுத்த வாரம், ஜெர்மானியர்களோடு சேர்ந்து யூதர்களைத் தேடிப்பிடித்த நம்மூர்ப் பச்சைச் சட்டைக்காரர்கள் வந்தார்கள். ராடோ இங்கே இருப்பதாகத் தகவலாம். தகவல் கொடுத்தது நான் இல்லை. தையல்காரிகளை ஒவ்வொருத்தியாகப் படப்பிடிப்புக் கூடத்தில் நடக்கச் சொன்னார்கள். நான் வாய் திறக்கவில்லை, கை காட்டவில்லை. விளக்கைப் போட்டேன். தரையில் ஒரு குறி போட்டேன். அது என் தினசரி வேலை.

முன்னால் வந்தவர்கள் கண் கூசி, குறியை மிதித்துக்கொண்டே போனார்கள். வில்மா நின்றாள். கால்விரல் நுனி குறியைத் தொட்டது, முகவாய் தானாக உயர்ந்தது. அதிகாரி தொப்பியைக் கழற்றினான். அவனும் அவள் படங்களைப் பார்த்தவன்தான்.

அவள் காலடியைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள். பயமே இல்லை. கண்ணாடியைக் கழற்றித் தரையில் போட்டாள்.

"ஒரு சாண் தள்ளிப் போட்டிருக்கே, எதெல்கா. இத்தனை வருஷம் நின்னும் உனக்கு வெளிச்சம் எங்கே விழும்னு தெரியலையே."

கூடமே கேட்டது. விளக்குக்காரன் ஒருவன் சிரித்தும்விட்டான். அன்று மாலை அவளை டான்யூப் ஆற்றங்கரைக்குக் கொண்டுபோய்ச் சுட்டார்கள்.

குறி யாருக்காகவும் போட்டதில்லை, கைப்பழக்கம் என்று என் வக்கீல் சொல்லச் சொன்னார். அப்படியே எழுதிக்கொள்ளுங்கள், எனக்கு ஆட்சேபம் இல்லை. ஆனால் அந்த ஒரு சாண் பேச்சு பொய், ஐயா. அவள் உயரம் எனக்குத் தெரியும், அவள் நடை தெரியும். இரண்டு தடவை நின்று பார்த்துவிட்டுத்தான் போட்டேன். குறி மிகச் சரியான இடத்தில் இருந்தது.