நாகஜோதியின் பதினெட்டு மணி நேரம்

நாகஜோதிக்கு வருகைப்பதிவில் பதினெட்டு மணி நேரம் குறைந்தது. நானூற்று ஐம்பது மணி நேர வகுப்புகளில் முந்நூற்று இருபதுக்கு வந்திருந்தாள். எழுபத்தைந்து சதவீதத்துக்கு முந்நூற்று முப்பத்தெட்டு வேண்டும். மூன்று முறை கூட்டிப் பார்த்தேன். கணக்கில் எனக்குத் தவறு வராது.

வேதியியல் துறை அலுவலகத்தில் வருகைப்பதிவைப் பார்ப்பவள் நான். பி.எஸ்சி.யும் அதே கல்லூரியில்தான் படித்தேன். அதிகம் பேச மாட்டேன். அதனாலேயே பிள்ளைகள் என்னை நல்லவள் என்று நினைத்துக்கொள்வார்கள்.

இவ்வளவு சிறிய குறைவுக்கு மருத்துவச் சான்றிதழ் போதும். கெடு நாளுக்குள் என் மேசைக்கு வந்துவிட வேண்டும். வராவிட்டால் தேர்வும் இல்லை, மூன்றாம் ஆண்டும் இல்லை. வாங்கிய தாளுக்குக் கையெழுத்துப் போட்டுத் தரும் வழக்கம் எங்கள் அலுவலகத்தில் கிடையாது. யாரும் கேட்பதுமில்லை. கேட்டால் சந்தேகப்படுவதாக ஆகிவிடும். நாகஜோதி கேட்டாள். கெடுவுக்கு முந்தைய நாள், மஞ்சள் காமாலை கண்ணை விட்டு இன்னும் இறங்காமல், சான்றிதழோடு வந்து நின்றாள்.

“அக்கா, வாங்கிக்கிட்டேன்னு நகல்ல ஒரு கையெழுத்து மட்டும்…”

“என்னய நம்ப மாட்டியா நாகு?”

“ஐயோ, அப்படியில்லக்கா.” நாக்கைக் கடித்துக்கொண்டு போய்விட்டாள்.

தேர்வுப் பட்டியலில் அவள் பெயர் வரவில்லை. திருமங்கலத்துக்குத் தெற்கே பருத்தி போடும் அவள் அப்பா மலையாண்டி, உயர் நீதிமன்றக் கிளையில் வழக்குப் போட்டார். இறுதித் தீர்ப்புக்குக் கட்டுப்பட்டு வகுப்பில் உட்காரலாம் என்று இடைக்கால உத்தரவு வந்தது. பதினோரு மாதம் படித்தாள். தேர்வும் எழுதினாள்.

ஒவ்வொரு வாய்தா முடிந்ததும் மலையாண்டி எங்கள் அலுவலகத்துக்கு வருவார். “இன்னும் ரெண்டு வாய்தா போனா நானும் சட்டம் முடிச்சிருவேன் தாயி. அப்பனுக்கும் மகளுக்கும் ஒரே மேடையில பட்டம் குடுப்பாகளா?” அவருக்கு டீ வாங்கிக் கொடுப்பேன். துறையில் எல்லோரும் அவளுக்காக வருத்தப்பட்டார்கள். பதினெட்டு மணி நேரத்துக்கு இத்தனை பேர் வருந்துவது எனக்கு எரிச்சலாக இருந்தது.

சான்றிதழின் நகல் நீதிமன்றத்தில் இருந்தது. கெடுவுக்குள் கொடுத்ததற்குத்தான் ஆதாரமில்லை. தேர்வுப் பிரிவுக்கு நான் அனுப்பிய சான்றிதழ்க் கட்டுக்குள் அப்படி ஒரு தாள் இல்லை என்று எழுதிக் கொடுத்தேன். அது உண்மை. மனு தள்ளுபடியானது. எழுதிய தேர்வுகள் செல்லாமல் போயின. இப்போது காளவாசலில் ஒரு ஜவுளிக்கடையில் நிற்கிறாள்.

மலையாண்டி மேல்முறையீடு செய்த பிறகு விசாரணை அதிகாரியாக வந்த நீங்கள்தான் என்னிடம் நேராகக் கேட்டிருக்கிறீர்கள். மற்றவர்கள் ‘கொடுத்தாயா’ என்று அவளைத்தான் கேட்டார்கள்.

கொடுத்தாள். அன்று மாலை ஆய்வகத்தில் அடர் கந்தக அமிலத்தில் அதைப் போட்டேன். காகிதம் முதலில் பழுப்பாகும், பிறகு கருகும். அதிக நேரம் ஆகாது. முழுவதும் கருகும்வரை பக்கத்தில் நின்றேன். பிறகு குவளையை முறைப்படி கழுவி வைத்தேன்.

அவள் மேல் எனக்குக் கோபம் இல்லை. இங்கே படித்த மூன்று ஆண்டுகளில் நான் ஒரு மணி நேரம்கூட விட்டதில்லை. மேலூர் மருத்துவமனையில் என் அப்பா உயிர் போய்க்கொண்டிருந்தபோது செய்முறை வகுப்பில் நின்றிருந்தேன். எனக்கு யாரும் விலக்குத் தரவில்லை. அவளுக்கு மட்டும் ஏன் தர வேண்டும்? விதி என்றால் எல்லோருக்கும் ஒன்றாக இருக்க வேண்டாமா?

உங்கள் பக்கத்தில் உட்கார்ந்திருக்கும் எங்கள் துறைத்தலைவர் ஞானசீலன் சார் இப்போது கண்ணாடியைக் கழற்றுகிறார்.

“ஐரின், அன்னைக்கு அந்த வகுப்பு என்னோடதும்மா. நான் என்ன சொன்னேன்?”

சரி சார். நானே சொல்கிறேன், எழுதிக்கொள்ளட்டும்.

போன் வந்ததும் சார் என் கையிலிருந்த பிப்பெட்டை வாங்கி வைத்தார். “அட்டெண்டன்ஸ் நான் போட்டுக்கிறேன், நீ ஓடும்மா” என்றார். தன் காரையே வாசலுக்கு வரச் சொல்லியிருந்தார். அரை மணி நேரம் அது அங்கேயே நின்றது.

நான்தான் போகவில்லை.