ரெண்டு சர்வதாரி

சின்னையன்: வேணாம்னா வேணாந்தான். அந்தப் பெட்டிய தூக்கிக்கிட்டு வந்த வழியே போயிடுப்பா.

அன்பரசு: பெரியவரே, நான் காலத்துறை எஞ்சினியரு. பண்ருட்டிலேர்ந்து சேத்தியாத்தோப்பு வரைக்கும் வருசம் தாண்டிப் போற எல்லா கால கேட்டுக்கும் புதுப் பெட்டி மாட்டியாச்சு. இந்தக் கொல்லையில இருக்கற கேட்டு மட்டுந்தான் பாக்கி.

சின்னையன்: பழசுக்கு என்னா கொற? சக்கரத்துல வருசத்து பேரு வெட்டியிருக்கு. திருப்புனா போவுது.

அன்பரசு: அதான் கொற. மொத்தமே அறுவது பேரு. அறுவது வருசம் போனா அதே பேரு மறுபடி வந்துடுது. சர்வதாரின்னு திருப்புனா நாப்பத்தெட்டா, ரெண்டாயிரத்தெட்டா? கேட்டு என்னத்த கண்டுது? நெறைய ஆளுங்க வருசம் மாறி எறங்கிடறாங்க.

கொளஞ்சியம்மாள்: மொதல்ல மோரக் குடிப்பா. வெயில்ல வந்திருக்க.

அன்பரசு: குடுங்க பெரியம்மா... இந்தப் பெட்டிய யாரும் திருப்ப வேணாம். தானாவே சரி பண்ணிக்கும்.

சின்னையன்: தானா சரி பண்ணிக்கற எதையும் நான் நம்பறதில்ல. தப்பு பண்ணா யார புடிச்சி ஒதைக்கறது?

அன்பரசு: தப்பே பண்ணாது. ஏற்கெனவே மாறி எறங்குனவங்களயும் தேடிப் புடிச்சி அவுங்கவுங்க வருசத்துக்கே அனுப்பிடும்.

கொளஞ்சியம்மாள்: அனுப்பிடுமா...?

அன்பரசு: மாட்டி சுவிட்ச போட்டா அடுத்த நிமிசமே. தோ பாருங்க, செவப்பு எரியுது. அப்பிடி ஆளு கிட்டத்துல இருந்தாத்தான் எரியும்.

சின்னையன்: வெயிலு பட்டு எரியுது.

அன்பரசு: நெழல்லதான வச்சிருக்கேன்?

சின்னையன்: அப்ப நெழலு பட்டு எரியுது.

அன்பரசு: சரி, கேக்கறதுக்கு பதில் சொல்லுங்க. நீங்க ரெண்டு பேரும்...

சின்னையன்: புருசன் பொண்டாட்டி. ஊர்ல யார வேணும்னாலும் கேளு.

அன்பரசு: கல்யாணம் எப்ப?

சின்னையன்: நல்லா மழ பேஞ்ச வருசம்.

கொளஞ்சியம்மாள்: மழயே இல்லாத வருசம்.

அன்பரசு: ம்... வீடு யாரு பேர்ல?

சின்னையன்: இவ பேர்ல.

கொளஞ்சியம்மாள்: இவுங்க பேர்ல.

அன்பரசு: ஓகோ.

சின்னையன்: கொளஞ்சி, போயி முருங்கக்கீர பறிச்சிக்கிட்டு வா.

கொளஞ்சியம்மாள்: இப்பவா? கொழம்பு கொதிக்குது...

சின்னையன்: இப்பத்தான். போ.

அன்பரசு: எதுக்குப் பெரியவரே அவங்கள வெரட்டுறீங்க?

சின்னையன்: போயிட்டாளா...? தம்பி, அந்த ஆளு நாந்தான். அவள ஒண்ணும் பண்ணிடாத.

அன்பரசு: நீங்களா?

சின்னையன்: என் வருசம் நாப்பத்தெட்டு சர்வதாரி. சிதம்பரத்துல ஆனித் தேரு பாக்க வைகாசியிலயே கேட்டுல ஏறுனேன். நடுவுல ஒரு மாசம் வயல்ல களவெட்டுற வேல மிச்சமாவுமேன்னு. எறங்கிப் பாத்தா ரெண்டாயிரத்தெட்டு, ஒருத்தனும் தெரிஞ்சவன் இல்ல. இந்த வீட்டுக் கதவு தொறந்திருந்துது. உள்ள இவ ஒல வச்சிக்கிட்டு இருந்தா. பசி உயிரு போவுது. சோறு ஆயிடுச்சான்னேன். ஆவுது, கை கழுவிட்டு வாங்கன்னா. நாலு வருசமா கழுவிக்கிட்டு இருக்கேன்.

அன்பரசு: அவங்ககிட்ட சொல்லவே இல்லியா?

சின்னையன்: பெண்ணாடத்துக்காரன்னு சொல்லி வச்சிருக்கேன். என்னைய அனுப்பிட்டா அவ தனியா ஒக்காந்து சாப்புடணும். எனக்கும் அங்க இருக்கறது ஒரு எரும. அதுக்கும் என்னைக் கண்டா ஆவாது.

அன்பரசு: வாயால சொன்னா போதாது. வேலிப் படலத் தாண்டி ரோட்டுல போயி நில்லுங்க. செவப்பு அணைஞ்சா நீங்கதான்.

சின்னையன்: ...நின்னுட்டேன். கத்தறது கேக்குதா? அணைஞ்சிதா?

அன்பரசு: இல்லியே. எரிஞ்சிக்கிட்டுதான் இருக்கு.

சின்னையன்: நாந்தான் சொன்னனே. திருட்டுப் பெட்டி. ஒரு எழவும் தெரியல அதுக்கு.

கொளஞ்சியம்மாள்: பெட்டிய திட்டாதீங்க. உள்ள வாங்க.

சின்னையன்: நீ கீர பறிக்கப் போவல?

கொளஞ்சியம்மாள்: மரத்தடியிலதான் நின்னேன். எல்லாம் கேட்டுது... நானும் அந்த சர்வதாரிதாங்க. அதே தேருக்குத்தான் கெளம்புனேன்.

சின்னையன்: என்னா சொல்ற?

கொளஞ்சியம்மாள்: உங்களுக்கு முந்தின நாளு எறங்குனேன். கதவு சும்மா சாத்தியிருந்துது. பானையில அரிசி இருந்துது. வீட்டுக்காரங்க வந்தா கால்ல வுழுந்துக்கலாம்னு ஒல வச்சேன். நீங்க வந்து அதட்டுனாப்புல சோறு ஆயிடுச்சான்னீங்க. வீட்டுக்காரரு இப்பிடித்தான கேப்பாரு?

சின்னையன்: நாலு வருசமா...

கொளஞ்சியம்மாள்: நீங்க வெரட்டல. நானும் எதுவும் கேக்கல.

சின்னையன்: உன் வீடாச்சேன்னு, ஒழுவும்போதெல்லாம் உன்ன கேட்டுக் கேட்டுத்தான் ஓடு மாத்துனேன்.

கொளஞ்சியம்மாள்: நானும் அதான் உங்க இஷ்டம், உங்க இஷ்டம்னேன்.

சின்னையன்: அப்ப... வீடு யாருது?

கொளஞ்சியம்மாள்: தம்பி, ஏன் வயர சுருட்டற? மாட்டலியா?

சின்னையன்: இந்தாப்பா, உன்னத்தான் கேக்கறேன். இந்த வீடு யாருது?

அன்பரசு: என்னுதுதான் பெரியவரே. சென்னையில வேல கெடச்ச அவசரத்துல பூட்டாம போயிட்டேன். யாரோ ரெண்டு பேரு குடியிருக்காங்கன்னு சொன்னாங்க. ஒங்கள கெளப்பத்தான் வேற யாரையும் அனுப்பாம நானே வந்தேன்... பெட்டி கெட்டுப்போச்சுன்னு ஆபீசுல சொல்லிக்கறேன். பெரியம்மா, சோறு ஆயிடுச்சா?