எழுபத்தொன்றும் எண்பத்தெட்டும்

என் கையெழுத்து நன்றாக இருக்கும். இதைப் பெருமைக்காகச் சொல்லவில்லை. நடந்ததெல்லாம் அங்கேதான் தொடங்கியது என்பதால் சொல்கிறேன். ரத்தப் பரிசோதனைக் கூடத்தில் இருபத்திரண்டு வருடமாக வேலை பார்க்கிறேன். ஊசி குத்தி ரத்தம் எடுப்பதும், மெஷின் காட்டுகிற எண்ணைச் சீட்டில் எழுதுவதும் என் வேலை. இத்தனை வருடத்தில் ஒருவருடைய சர்க்கரையை இன்னொருவர் பெயரில் எழுதியதில்லை. மேற்கொண்டு படிக்கும்போது இதையும் நீங்கள் மனத்தில் வைத்துக்கொள்ள வேண்டும்.

உங்கள் நிறுவனம் கூட்டிப்போன இமயமலைப் பயணத்தில் நாங்கள் எட்டுப் பேர். முதல் நாள் சாயங்காலமே உங்கள் வழிகாட்டி ஒரு நீல அட்டை நோட்டையும், விரலில் மாட்டி ரத்தத்தில் ஆக்சிஜன் பார்க்கிற ஆக்சிமீட்டரையும் என் கையில் கொடுத்தார். "சார், நீங்க லேப்ல இருக்கீங்க. என் எழுத்து எனக்கே புரியாது. தினம் சாயங்காலம் எல்லாருக்கும் பார்த்து நீங்களே எழுதிடுங்க" என்றார். அந்த மனிதர் செய்த தவறு இது ஒன்றுதான். ஆக்சிஜன் எண்பத்தெட்டு இருந்த ஆள் இரண்டே நாளில் எப்படி மயங்கி விழுந்தார் என்று விசாரணைக் கடிதத்தில் கேட்டிருக்கிறீர்கள். நோட்டில் இருந்தது எண்பத்தெட்டு. என் விரலில் இருந்தது எழுபத்தொன்று. இடையில் என்ன ஆயிற்று என்பதை வரிசையாகச் சொல்கிறேன்.

என் சகலைக்கும் எனக்கும் பகை என்று எதுவும் கிடையாது. என் மனைவியின் தங்கையைக் கட்டியவர், நல்ல மனிதர். லிப்ட் கம்பெனியில் மேலாளர். ஊரையெல்லாம் பட்டனை அழுத்தி மேலே அனுப்பிவிட்டு, தான் மட்டும் மலை மலையாக நடந்து ஏறுவார். ஏற்கெனவே இரண்டு சின்ன மலைகளை ஏறி முடித்திருந்தார். குடும்பத்தில் எந்த விருந்தென்றாலும் சூப் வருவதற்குள் முதல் மலை முடிந்துவிடும், கை கழுவுவதற்குள் இரண்டாவது. பதினாறு தடவை கேட்டிருக்கிறேன். ஒவ்வொரு தடவையும் பனிக்காற்றின் வேகம் கொஞ்சம் கூடியிருக்கும்.

எங்கள் மாமனார் ரயில்வேயில் இருந்து ஓய்வு பெற்றவர். வாலிபத்தில் மலையேற ஆசைப்பட்டு, லீவு கிடைக்காமலே வயதாகிப்போனவர். அவர் வீட்டுக் கூடத்துச் சுவரில் சகலையின் இரண்டு மலைப் படங்களும் கண்ணாடி போட்டுத் தொங்கின. என் படமும் அங்கே இல்லாமல் இல்லை. என் கல்யாணப் படம் வாசல் கதவை ஒட்டிய சுவரில் இருந்தது. கதவைத் திறந்தால் அதன் பின்னால் போய்விடும். அந்த வீட்டில் கதவைச் சாத்தி நான் பார்த்ததில்லை.

இந்தப் பயணத்துக்குச் சகலை பெயர் கொடுத்ததும் நானும் கொடுத்தேன். என் மனைவி, "பஸ்ஸைப் பிடிக்க நாலு எட்டு ஓடினாலே உங்களுக்கு மூச்சு வாங்குது. அவர் போறார்னா நீங்களும் போகணுமா?" என்று கேட்டாள். ஒரு துணைக்காக என்றேன். கிளம்புகிற அன்று மாமனார் தன் பழைய பழுப்பு நிறக் கம்பளித் தொப்பியைக் கொண்டுவந்து, "நான்தான் போகலை. இதாவது உச்சியைப் பார்க்கட்டும். மாப்பிள்ளை, மேல வெச்சு ஒரு படம் எடுத்துட்டு வாங்க" என்றார். மாப்பிள்ளை என்று அவர் சொன்னபோது நான்தான் பக்கத்தில் நின்றேன். கையை நீட்டவும் செய்தேன். தொப்பி என் கையைத் தாண்டிச் சகலைக்குப் போயிற்று. எனக்கு வயிறு எரிந்தது என்று நினைத்துவிடாதீர்கள். நான் மூத்த மாப்பிள்ளை என்பதை மட்டும் மனத்துக்குள் குறித்துக்கொண்டேன்.

உங்கள் வழிகாட்டியின் விதி கறாரானது. "எழுபத்தஞ்சுக்குக் கீழ ரெண்டு தடவை வந்தா, யாரா இருந்தாலும் கீழதான். அழுதாலும் கீழதான்." சாயங்காலம் நான் பார்த்த எண் யாருக்காவது குறைந்திருந்தால், மறுநாள் காலை அவரே ஒருமுறை பார்த்து முடிவு செய்வார்.

நான்காம் நாள் சாயங்காலம், மற்றவர்களுக்குப் பார்ப்பதற்கு முன் என் கூடாரத்தில் உட்கார்ந்து கருவியை என் விரலில் மாட்டிப் பார்த்தேன். எந்தக் கருவியையும் முதலில் தன் மேல் சோதித்துப் பார்ப்பது எங்கள் தொழில் பழக்கம். எழுபத்தொன்று. விரலை மாற்றினேன். எழுபத்தொன்று. கையை மாற்றினேன். கருவி நல்ல நிலையில் இருந்தது.

சாப்பாட்டுக் கூடாரத்தில் எல்லாரும் சூப்பில் மும்முரமாக இருந்தார்கள். ஒவ்வொருவராகப் பார்த்துச் சொல்லி எழுதிக்கொண்டே வந்தேன். சகலையின் விரலில் மாட்டினேன். எண்பத்தெட்டு. அந்த உயரத்தில் அது மனிதனுக்கல்ல, மலைமாட்டுக்கு இருக்க வேண்டிய எண்.

"எழுபத்தொண்ணு" என்றேன்.

சகலையின் கையில் கரண்டி அப்படியே நின்றது. "நல்லாப் பாருங்க சகலை."

"நீங்களே பாருங்க" என்று விரலை அவர் முகத்துக்கு நேரே திருப்பிவிட்டேன். மறைத்தேன் என்று யாரும் என்னைச் சொல்ல முடியாது. சகலைக்குக் கிட்டத்தில் இருக்கும் எழுத்து தெரியாது. மூக்குக் கண்ணாடி இல்லாமல் மெனு அட்டையைக்கூடப் படிக்க மாட்டார். கண்ணாடி போட்டால் வயதானவர் என்பார்களாம், அதனால் அது அவர் வீட்டு மேஜை இழுப்பறையில் தூங்குகிறது. இது அவர் மனைவிக்குத் தெரியும், அவள் சொல்லி என் மனைவிக்குத் தெரியும், எனக்குத் தெரியும். அந்தக் கூடாரத்தில் வேறு யாருக்கும் தெரியாது. சகலை விரலைத் தூரத்தில் நீட்டினார், கிட்டத்தில் கொண்டுவந்தார், கண்ணைச் சுருக்கினார். பிறகு எல்லாருக்கும் கேட்கிற மாதிரி, "ஆமா, எழுபத்தொண்ணுதான்" என்றார்.

அடுத்து என் விரலில் மாட்டிக்கொண்டு எண்பத்தெட்டு என்று எழுதினேன். எட்டுப் பேருடைய எண்களையும் கூட்டிப் பார்த்தால் மொத்தம் மாறவில்லை என்பதை நீங்களே சரிபார்த்துக்கொள்ளலாம்.

காலையில் வழிகாட்டி தானே பார்ப்பார் அல்லவா. அதற்கு ஒரு மணி நேரம் முன்பு சகலையிடம் போய், "சோர்ந்து உட்கார்ந்திருந்தீங்கன்னா அவருக்குச் சந்தேகம் வரும். நீங்களே போய் எட்டுப் பேருக்கும் பாட்டில்ல தண்ணி பிடிச்சுட்டு வாங்க. சுறுசுறுப்பா இருக்கீங்கன்னு நினைப்பார்" என்றேன். என் தோளைப் பிடித்து, "கூடப் பிறந்தவன்கூட இப்படி யோசிக்க மாட்டான்" என்றார். கையுறை நனைந்துவிடும் என்று வெறுங்கையோடு ஓடைக்குப் போனார். விரல் விறைத்திருந்தால் ஆக்சிமீட்டர் தப்பாகக் குறைத்துக் காட்டும் என்பது எங்கள் கூடத்தில் புதிதாகச் சேர்ந்த பெண்ணுக்குக்கூடத் தெரியும். எட்டாவது பாட்டிலோடு வந்தபோது அவர் விரல்கள் மெழுகுவர்த்தி மாதிரி வெளுத்திருந்தன. வழிகாட்டி மாட்டிப் பார்த்தார். எழுபத்துமூன்று.

நான் அதற்குள் கூடாரத்துக்குப் பின்னால் நின்று மூச்சை ஆழமாக இழுத்து இழுத்து விட்டேன். அப்படிச் செய்தால் சில நிமிஷங்களுக்கு எண் ஏறி நிற்கும். எனக்கு எழுபத்தொன்பது வந்தது. "உங்களுக்கும் இறங்கியிருக்கே சார்" என்றார் வழிகாட்டி.

"நேத்து ராத்திரி முழுக்கத் தூக்கம் இல்லை. சகலையை நினைச்சு" என்றேன். அது பொய்யில்லை.

அதன் பிறகு நடந்ததை நான் எதிர்பார்க்கவில்லை. கீழே போக வேண்டும் என்று சொன்ன பத்தாவது நிமிஷம் சகலைக்குத் தலை வலித்தது. கால் மணி நேரத்தில் கால்கள் வலுவிழந்தன. காலையில் எட்டு பாட்டில் தூக்கி வந்த மனிதரை இரண்டு பேர் பிடித்துக் கோவேறு கழுதை மேல் ஏற்ற வேண்டியிருந்தது. மெஷின் சொன்னால் ஜனங்கள் அப்படியே நம்பிவிடுகிறார்கள், எங்கள் கூடத்தில் தினமும் பார்க்கிறேன். அவர் என் கையைப் பிடித்துக்கொண்டு, "என் வீட்டுக்காரிகிட்டப் பக்குவமா சொல்லுங்க. சின்னவளோட படிப்பை நிறுத்திடாதீங்க" என்றார். பிறகு தலையிலிருந்து தொப்பியைக் கழற்றினார். "மாமாவோட தொப்பி. இனி உங்க பொறுப்பு."

அவர் கண் கலங்கியது. எனக்கும் கலங்கியது, அதை மறைக்க விரும்பவில்லை. உதவி வழிகாட்டி கழுதையை ஓட்டிக்கொண்டு அவரைக் கீழ் முகாமுக்கு இறக்கினார். தொப்பி எனக்குக் கச்சிதமாகப் பொருந்தியது.

மறுநாள் உச்சி. அன்று நான் ஏறியதைப் பற்றி உங்கள் கடிதத்தில் ஒரு வரிகூட இல்லாதது வருத்தம்தான். உச்சிக்கு முன்னூறு அடி இருக்கும்போது எனக்கு இரண்டு வழிகாட்டிகள் தெரிந்தார்கள். ஒரு பாறையின் முன் உட்கார்ந்து, கேஸ் அடுப்பை அணைத்தாயா இல்லையா என்று அதைக் கேட்டுக்கொண்டிருந்தேனாம். பாறை பதில் சொல்லாததில் எனக்குக் கோபம் வந்து கையை ஓங்கினேனாம். வழிகாட்டி ஓடிவந்து விரலில் மாட்டிப் பார்த்தார். ஐம்பத்தெட்டு. உதவியாள் சகலையோடு போய்விட்டதால் அவர் ஒருவர்தான் மிச்சம். என்னைத் தூக்கிக்கொண்டு எல்லாரையும் திருப்பிவிட்டார்.

எங்களோடு வந்த ஓவிய ஆசிரியை, முதுகில் மணல் மூட்டை கட்டிக்கொண்டு இரண்டு வருடம் மாடிப்படி ஏறிப் பயிற்சி எடுத்தவர். திரும்பும் வழியெல்லாம் அழுதார் என்கிறார்கள். பாவம்தான். ஆனால் முன்னூறு அடிதானே, அவர் தொழிலுக்கு அதைக் கற்பனையிலேயே வரைந்துவிடலாம்.

கீழ் முகாமில் கழுதை நொண்டிக்கொண்டு நின்றது. முந்தின நாள் சகலையைச் சுமந்ததில் கால் பிசகிவிட்டதாம். சாலைக்கு இன்னும் இரண்டு மணி நேர நடை. உதவி வழிகாட்டி வேறு கழுதை தேடிப் போயிருந்தார். வழிகாட்டி நின்றபடியே தள்ளாடிக்கொண்டிருந்தார். அப்போது மூன்று கம்பளிக்குள் சுருண்டு, கடைசிக் கடிதம் எழுதிக்கொண்டிருந்த சகலை என் குரலைக் கேட்டிருக்கிறார். கம்பளியை உதறிவிட்டு ஓடிவந்து என்னை மூட்டை மாதிரி முதுகில் போட்டுக்கொண்டு இறங்க ஆரம்பித்தார். இரண்டு மணி நேர வழியை ஒன்றேகால் மணி நேரத்தில் கடந்தார். சாலையில் என்னை இறக்கி ஜீப்பில் ஏற்றிய பிறகுதான் தனக்கு உடம்பு சரியில்லை என்பது அவருக்கு நினைவு வந்தது. அப்படியே என் பக்கத்தில் படுத்துக்கொண்டார்.

வழியில் ஓவிய ஆசிரியை ஒரு படம் எடுத்திருக்கிறார். முன்னால் சகலையின் முகம், வியர்வையும் பல்லைக் கடித்த வைராக்கியமுமாக. பின்னால் அவர் தோளில் என் முகம், வாய் திறந்தபடி. என் தலையில் மாமனாரின் தொப்பி.

மாமனார் அந்தப் படத்தைக் கதவு அகலத்துக்குப் பெரிதாக்கினார். கூடத்தின் நடுவில் மாட்ட வேண்டும் என்று கடிகாரத்தையே இடம் மாற்றினார். படத்துக்குக் கீழே ஒரு வாசகம் இருக்க வேண்டும் என்று ஆசைப்பட்டு, "உங்க கையெழுத்துதான் முத்து முத்தா இருக்கும். நீங்களே எழுதிடுங்க" என்று என்னிடம் அட்டையை நீட்டினார். அவர் சொல்லச் சொல்ல எழுதினேன்: "எழுபத்தொன்றோடு எண்பத்தெட்டைச் சுமந்தவர்." நான் செய்த எல்லாவற்றிலும் எனக்கு உண்மையாகவே வலித்தது அந்த வரி ஒன்றுதான்.

சகலைக்கு நான் துரோகம் செய்துவிட்டேன் என்று உங்களுக்குத் தோன்றலாம். ஊர் திரும்பியதிலிருந்து நான்கு மாதமாக ஒவ்வொரு ஞாயிறும் அவர் வீட்டுக்குப் போய் ஆக்சிஜன் பார்க்கிறேன். கீழ்த்தளத்துக்குக் குடி மாறிவிட்டார். தன் கம்பெனி லிப்டில்கூட ஏறுவதற்கு முன் ஒரு நிமிஷம் நின்று நெஞ்சைத் தடவிக்கொள்கிறார். போன ஞாயிறு தொண்ணூற்றெட்டு இருந்தது. எண்பத்தாறு என்று சொன்னேன். திடீரென்று குணமாகிவிட்டால் எல்லாரும் மலையில் எழுதிய நோட்டைச் சந்தேகிப்பார்கள், அதனால் வாரத்துக்கு ஒன்று வீதம் ஏற்றிக்கொண்டு வருகிறேன். இந்தக் கணக்கில் இன்னும் மூன்று மாதத்தில் பூரண குணமாகிவிடுவார். என் கையைப் பிடித்து நன்றி சொல்லாமல் ஒரு வாரம்கூட அனுப்புவதில்லை.

நல்ல ஆளைக் கீழே அனுப்பி, முடியாத ஆளை மேலே கூட்டிப்போனார் என்று வழிகாட்டியை மலைக்குப் போகவிடாமல் நிறுத்தி வைத்திருக்கிறீர்கள். இப்போது அக்காவின் செருப்புக் கடையில் கால் அளவு எடுக்கிறாராம். மலையைப் பார்க்கக்கூடாதென்று ஜன்னலுக்கு முதுகைக் காட்டித்தான் உட்காருகிறாராம். கேள்விப்பட்டு வருத்தப்பட்டேன். அவர் மேல் எள்ளளவும் தப்பில்லை. இரண்டு எண்களையும் மாற்றி எழுதியது நான், பாட்டில் கொடுத்து ஓடைக்கு அனுப்பியதும் நான். முழு மனதோடு, யாருடைய வற்புறுத்தலும் இல்லாமல், என் கையாலேயே இதை எழுதித் தருகிறேன். அவரை எப்போது வேண்டுமானாலும் வேலைக்கு எடுத்துக்கொள்ளுங்கள், எனக்கு ஆட்சேபணை இல்லை.

எனக்கு வேண்டியது ஒன்றே ஒன்றுதான். நோட்டில் நான்காம் நாள் பக்கத்தைத் திருத்துங்கள். அந்த எழுபத்தொன்று என்னுடையது. எழுபத்தொன்றை வைத்துக்கொண்டு உச்சிக்கு முன்னூறு அடி வரை ஏறியவன் நான். சகலை எண்பத்தெட்டோடு இறங்கினார், அவ்வளவுதான். இதை நிறுவனத்தின் முத்திரையோடு தனித்தாளில் எழுதி என் மாமனார் முகவரிக்கு அனுப்பி வையுங்கள். பதிவில் நேர்ந்த கைப்பிழை என்று போட்டால் போதும், யாருடைய கை என்று விளக்க வேண்டியதில்லை. சட்டம் போட வசதியாகத் தாள் கொஞ்சம் கெட்டியாக இருக்கட்டும். கூடத்துச் சுவரில் ஆணி அடித்தாகிவிட்டது.