புத்தகத்தில் இறந்தவர்

செவ்வாய்க்கிழமை காலை பிள்ளையார்பாளையத்தில் ஏறிய இரண்டு பெண்கள், பேருந்தில் எனக்கு முன் இருக்கையில் உட்கார்ந்தார்கள். மூத்தவரின் வலது கை மடியில் அசையாமல் கிடந்தது.

“டாக்டரு எழுதன புக்குல நான் செத்துட்டேன்மா,” என்றார் அவர்.

“அது நீதான்னு எப்டிக்கா தெரியும்?”

“பேர மட்டும் கற்பகம்னு மாத்திக்கிறாரு. வாதம் வந்தது, கை வெளங்காம போனது, எல்லாம் என் கதைதான். தறி நெய்ய முடியாம போனதும் அந்த ஏக்கத்துலயே அவளும் போய்ட்டான்னு முடிச்சிக்கிறாரு.”

“நீ அவருகிட்ட போறத நிறுத்திட்ட இல்ல, அப்டி நெனச்சிருப்பாரு.”

“வேலை இருந்துது, போவல. இப்போ எங்க வூட்டுக்காரரு தறியில உக்கார்றாரு. கோர்வை சேலைக்கு பக்கத்துல ஒரு ஆளு உக்காந்து பார்டருக்கு நூல் ஓட்டற நாடாவ தள்ளணும் இல்ல? அத நான் இடது கையாலயே தள்ளிக்கினு இருக்கேன்.”

“செத்ததா எழுதனதுக்கு இப்போ அவருகிட்ட சண்டை போடப் போறியா?”

“சண்டை இன்னாத்துக்கு? நல்லாதான் எழுதிக்கிறாரு, முடிவுதான் தப்பு. கை வெளங்காதவங்க படிச்சா, நம்ம கதியும் இதான்னு நெனப்பாங்க இல்ல? மாத்தி எழுதச் சொல்லணும்.”

“டோக்கனுக்கு இன்னா பேரு குடுப்ப?”

“கற்பகம்னுதான். நர்சு கூப்ட்டு நான் உள்ள போவும்போது அவரு மூஞ்சியப் பாக்கணும்.”

மருத்துவமனை நிறுத்தம் வந்தது. கற்பகம் இடது கையால் கம்பியைப் பிடித்துக்கொண்டு முதல் ஆளாக இறங்கினார்.