ஒரு நாக்கு செத்த விதம்

இந்த டாக்டர் அம்மா வீட்டில் யார் சமைப்பார்கள்? ஏழு மணிக்கு மேல்தான் வீடு போய்ச் சேருவார் போலிருக்கிறது. அதற்குப் பிறகு மாட்டிறைச்சியை ஓவனில் வைத்தால் பத்து மணி ஆனாலும் வேகாது. பாவம், முட்டை பொரித்துச் சாப்பிட்டுவிட்டுப் படுத்துவிடுவார்.

நான் இப்படி யோசித்துக்கொண்டிருந்தபோது அவர் என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"உங்க வீட்டுக்காரர் நாக்குல ஒரு குறையும் இல்லம்மா. உப்பு, புளிப்பு, இனிப்பு, கசப்புன்னு ஒவ்வொரு சொட்டா நாக்குல விட்டுப் பாத்தேன், நாலும் சரியா சொல்றார். ஆனா நான் சொன்னா நம்ப மாட்டேங்கிறார். 'சொட்டு விட்டா யாருக்குத்தான் தெரியாது, சாப்பாட்டுல தெரியலையே'ன்னு கேக்கறார்."

என் கணவர் அறைக்கு வெளியே பெஞ்சில் உட்கார்ந்திருந்தார். பெரிய ஹோட்டலில் தலைமைச் சமையல்காரர், இப்போது நீண்ட விடுப்பில் இருக்கிறார். முப்பது பேர் சமைத்ததில் ஒரு கரண்டி எடுத்து நாக்கில் வைப்பார். தலையை ஆட்டினால் மேசைக்குப் போகும், ஆட்டாவிட்டால் குப்பைக்குப் போகும். அந்த நாக்கைத்தான் நான் கொன்றேன். வேறு எதையும் நான் கொன்றதில்லை. கரப்பான்பூச்சியைக்கூட அவரைக் கூப்பிட்டுத்தான் அடிக்கச் சொல்வேன்.

கோபத்தில் செய்ததாக நினைக்க வேண்டாம். எனக்குக் கோபப்பட நேரம் இருந்ததில்லை. ஞாயிற்றுக்கிழமை அவருக்கு விடுமுறை. அன்று வீட்டில் தக்காளிச் சாற்றில் வெந்த மாட்டிறைச்சி. விரல் கனத்துக்கு வெட்டிய துண்டுகளைத் துடைத்து, மாவில் புரட்டி, இரண்டு பக்கமும் சிவக்க வைக்க வேண்டும். மேலே வதக்கிய வெங்காயம், பூண்டு, மசித்த தக்காளி. தட்டை அலுமினியத் தாளால் இறுக்கி மூடி மூன்று மணி நேரம். ஓவனை அவர் 'அவன்' என்றுதான் சொல்வார். "அவன் சூடாயிட்டானா?" என்று கூடத்திலிருந்து கேட்பார். என்னைவிட அவனிடம் அவருக்கு மரியாதை அதிகம்.

அவர் துண்டு மட்டும் தனி. இரண்டு விரல் கனம், மூடி போட்ட சின்னப் பீங்கான் பாத்திரம். "என்னோடத மத்ததோட போட்டுக் குழப்பாதே" என்பது உத்தரவு. சாப்பாட்டு மேசையில் உப்பு வைக்கக் கூடாது, அது சமைத்தவரை அவமதிப்பது என்பது சட்டம். அடுத்தவர் தட்டில் கை வைப்பது அநாகரிகம் என்பது இன்னொரு சட்டம். இந்தக் காரியத்துக்கு வேண்டிய வசதிகளை எல்லாம் அவரே செய்து கொடுத்திருந்தார். அதற்கு நான் நன்றி சொல்லத்தான் வேண்டும்.

பத்தொன்பது வருடமாக, முதல் வாய்க்குப் பிறகு முள்கரண்டியைக் கீழே வைத்துவிடுவார். ஒரு வாரம் உப்பு, ஒரு வாரம் புளிப்பு. விருந்தாளிகள் இருந்தால் இன்னும் உற்சாகம். "இவளுக்குக் கை இருக்கு, நாக்குதான் இல்ல" என்பார். எல்லோரும் சிரிப்பார்கள். நான் ஏதாவது பதில் சொன்னால் எனக்கு நாக்கு நீளம் என்பார். இல்லாத நாக்கு எப்படி நீளும் என்று நான் கேட்டதில்லை. கேட்டால் இன்னும் கொஞ்சம் நீண்டுவிடும்.

போன வருடம் அவருக்குக் காய்ச்சல் வந்தது. "நாக்கு செத்துப் போச்சு" என்றார். அந்த ஞாயிறு முள்கரண்டியைக் கீழே வைக்காமல் என் முகத்தைப் பார்த்தார்.

"நல்லா இருக்கா?" என்று கேட்டார்.

பத்தொன்பது வருடத்தில் முதல் தடவையாக என் அபிப்பிராயம் கேட்டார். அது எனக்குப் பிடித்துவிட்டது. அவ்வளவுதான். பெரிய காரணங்களைத் தேடுகிறவர்கள் ஏமாந்துபோவார்கள்.

மூன்றாவது வாரம் நாக்கு பிழைத்துக்கொண்டது. "உப்பு தூக்கல்" என்றார். அடுத்த வாரம் சின்னப் பாத்திரத்தில் உப்பே போடவில்லை. பெரிய தட்டில் அளவாகப் போட்டேன். அன்று சாப்பிட வந்த என் நாத்தனார் ஒரு வாய் வைத்ததும் கண்ணை மூடிக்கொண்டாள்.

"அண்ணி, இன்னைக்குக் கச்சிதம். அண்ணா, நீ ஏன் மூஞ்சிய அப்படி வச்சிருக்கே?"

"உப்பே இல்லையேடி."

"உன் வாய் இன்னும் சரியாகல. ஹோட்டல்ல யார் வயித்துல எதக் கொட்டுறியோ!"

"விடுங்க, காய்ச்சல்ல விழுந்த உடம்பு" என்று நான்தான் அவரைத் தாங்கிப் பேசினேன்.

ஆறேழு ஞாயிறுகள் இப்படிப் போயின. தன் நாக்குக்கு அளவாக இருப்பது ஊருக்குக் கரிக்கும் என்று அவரே கணக்குப் போட்டுக்கொண்டு, ஹோட்டலில் உப்பைக் குறைத்தார். சப்பென்று இருக்கிறது என்று தட்டுகள் திரும்பி வந்தன. குறைத்தாலும் தப்பு, கூட்டினாலும் தப்பு என்று ஆனபோது கரண்டியை அடுத்தவரிடம் நீட்டி ருசி பார்க்கச் சொன்னாராம். உதவிச் சமையல்காரர் போன் செய்து சொன்னார். ஒரு மத்தியானம் குளியலறைக் குழாயைத் திறந்துவிட்டுக்கொண்டு வெகுநேரம் அழுதார். தண்ணீர் இவ்வளவு வீணாகிறதே என்று எனக்கு வருத்தமாக இருந்தது.

இப்போது ஏழு நாளும் வீட்டில்தான். ஒவ்வொரு வேளையும் எனக்கு இரண்டு பாத்திரத்தில் சமையல், வேலை கூடிப்போனது உண்மை. ஆனால் ஒவ்வொரு வேளையும் முதல் வாய்க்குப் பிறகு என்னைப் பார்த்து, "நல்லா இருக்கா?" என்கிறார். "கச்சிதம்" என்கிறேன். தலையைக் குனிந்து சாப்பிடுகிறார். எங்களுக்குள் இத்தனை ஒற்றுமை முன்பு இருந்ததில்லை.

டாக்டர் அம்மா நாற்காலியை முன்னால் இழுத்துப் போட்டுக்கொண்டார்.

"திங்கட்கிழமை வேலைக்குப் போகலன்னா வேற ஆள வச்சிடுவாங்களாம். அதச் சொல்லும்போது அந்த மனுஷன் மூஞ்சிய என்னால பாக்க முடியலம்மா. நீங்க சொன்னா கேப்பார். 'என் பொண்டாட்டிதான் இப்ப எனக்கு நாக்கு'ன்னார். 'உங்க நாக்குக்கு ஒண்ணும் இல்ல, தைரியமா வேலைக்குப் போங்க'ன்னு ஒரே ஒரு வார்த்தை சொல்லுங்க. இப்பவே கூப்பிடறேன்."

கதவின் கண்ணாடி வழியாக அவர் தெரிந்தார். முட்டி மேல் இரண்டு கைகளையும் வைத்துக்கொண்டு, பரீட்சை முடிவுக்குக் காத்திருக்கிற பிள்ளையைப் போல இந்தப் பக்கமே பார்த்துக்கொண்டிருந்தார். அவரிடம் எனக்கு அன்பு பொங்கியது. திங்கட்கிழமை போனால் மறுபடியும் அந்த முப்பது பேர், அந்தக் கரண்டி, அந்தத் தலையாட்டல். ஞாயிற்றுக்கிழமை என் எதிரில் வந்து உட்காரப்போவது வேறு ஆள்.

"வேண்டாம் டாக்டர்" என்றேன் மெதுவாக. "நீங்க நல்ல மனசோட சொல்றீங்க. ஆனா அவர் என்னை நம்பறார். அவர்கிட்ட என்னால பொய் சொல்ல முடியாது."

சொல்லி முடித்தபோது என் கண்கள் கலங்கியிருந்தன. அது மட்டும் நடிப்பில்லை.